'தி லாஸ்ட் எம்பரர்' ப்ளூ-ரே: நிறம் நிறைவு, பிரேம் குறைவு

ஒளிப்பதிவாளர் விட்டோரியோ ஸ்டொராரோவுக்கு மூன்றாவது ஆஸ்கர் வாங்கித் தந்த படம் இது (1987); சிறுவயதிலேயே அரியணை ஏறிய சீனாவின் கடைசிப் பேரரசர் பூயியின் கதை. 2009இல் கிரைட்டீரியன் நிறுவனம் வெளியிட்ட ப்ளூ-ரேயை வாங்குமுன் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும்: இதில் படம் முழுசாக இல்லை.

ஒரு காட்சியில் நிறுத்தி, கறுப்புப் பட்டைகளைப் பாருங்கள். 1080 வரிகளில் மேலே 60, கீழே 60. அப்படியென்றால் படத்தின் அகல-உயர விகிதம் 2:1. ஆனால் இது 2.35:1 விகிதத்தில், அகலத்தைப் பிலிமில் சுருக்கிப் பதியும் அனமார்பிக் லென்ஸில் எடுத்த படம். அந்த அளவில் பட்டை ஒவ்வொன்றும் 131 வரி இருக்க வேண்டும். உயரத்தில் கை வைக்காமல் பக்கவாட்டில் வெட்டினால் அகலத்தில் ஏறக்குறைய 15 சதவீதம் போய்விடும்.

வெட்ட விரும்பியவர் ஸ்டொராரோவேதான். 1998இல் அவர் முன்வைத்த 'யூனிவிசியம்' திட்டப்படி எல்லாப் படமும் 2:1. 16:9 டிவிக்கும் 65 மி.மீ. பிலிமின் 2.2:1க்கும் நடுவே விழும் விகிதம் அது. 35 மி.மீ. பிலிமில் பிரேமுக்கு 4 ஓரத்துளை உயரத்துக்குப் பதில் 3 துளை உயரம் போதும் என்பதால் கால்வாசிப் பிலிம் மிச்சம். புதிதாக எடுக்கும் படத்துக்கு அருமையான யோசனை. அவர் ஒளிப்பதிவு செய்த 'கஃபே சொசைட்டி' (2016) 2:1இலேயே கச்சிதமாக நிற்கிறது. ஏற்கெனவே அகலத்துக்கென்று அமைத்த பிரேமில் அதைத் திணிப்பதுதான் தவறு. முடிசூட்டுக் காட்சியின் பொருளே அளவில் இருக்கிறது: பரந்த முற்றம், வரிசை வரிசையாய் ஆட்கள், நடுவே பொடியன். பக்கங்களை வெட்டியதும் முற்றம் சுருங்கி, பிள்ளை பெரிதாகிவிடுகிறான். ஸ்டொராரோவின் 'அபோகலிப்ஸ் நவ்' டிவிடியிலும் இதே வெட்டு இருந்தது. 2010 ப்ளூ-ரேயில் 2.35:1 திரும்பி வந்தது.

நிறத்தில் குறை சொல்ல முடியாது. பூயியின் வாழ்க்கைக் கட்டங்களை நிறமாலை வரிசையில் அடுக்கினார் ஸ்டொராரோ: மணிக்கட்டை அறுத்துக்கொள்ளும்போது சிவப்பு, அரியணைக்கு மஞ்சள், ஆங்கில ஆசிரியர் வந்தபின் அறிவுக்குப் பச்சை. இந்த நகர்வு தெரிய வேண்டுமானால் டிவியை 'விவிட்' மோடிலிருந்து மாற்றி 'சினிமா' அல்லது 'ஃபிலிம்மேக்கர்' மோடில் வையுங்கள். குளிர் நிறவெப்பத்தில் மஞ்சள் வெளிறும், நிழலில் நீலம் ஏறும். இடையில் செயற்கை பிரேம் சேர்க்கும் மோஷன் ஸ்மூத்திங்கை அணையுங்கள். படத்தைப் பெரிதாக்கி ஓரத்தை மறைக்கும் ஓவர்ஸ்கேனையும் நிறுத்திவிடுங்கள், இல்லையேல் ஏற்கெனவே வெட்டிய படத்தின் ஓரத்தை டிவி இன்னொரு முறை நறுக்கும்.

கூடுதல் அம்சங்களில் ஸ்டொராரோ பேசும் உருவாக்க ஆவணப்படத்தைத் தவறவிடாதீர்கள். நீளமான 218 நிமிடத் தொலைக்காட்சிப் பதிப்பு கிரைட்டீரியனின் 2008 4 டிஸ்க் டிவிடிப் பெட்டியில் இருக்கிறது, இந்த ப்ளூ-ரேயில் அது கிடையாது. டிஸ்க் ரீஜன் ஏ, அதாவது அந்த வட்டாரக் குறியீட்டை ஏற்கும் பிளேயரில்தான் ஓடும். பி, சி ரீஜன் பிளேயர் மட்டும் வைத்திருப்பவர்கள் பணம் கட்டுமுன் பிளேயரின் பின்புறம் ஒட்டியிருக்கும் எழுத்தைப் பார்த்துவிடுங்கள்.