வீட்டில் ஐஸ்கிரீம்: கருவியில்லாமல் இரண்டு ஆண்டு, கருவியோடு மூன்று ஆண்டு

வீட்டிலேயே ஐஸ்கிரீம் செய்யத் தொடங்கி ஐந்து ஆண்டுகள் ஆகிவிட்டன. முதல் இரண்டு ஆண்டுகள் தனிக் கருவி எதுவுமின்றி, ஃப்ரீசரையும் ஒரு கை பீட்டரையும் மட்டுமே நம்பிச் செய்தேன். அதன் பிறகு, கிண்ணத்தை முன்கூட்டியே உறையவைத்துப் பயன்படுத்தும் 1.5 லிட்டர் கொள்ளளவுள்ள கருவி ஒன்றை வாங்கினேன். அதில் மூன்று ஆண்டுகளாக மாதத்துக்கு இரண்டு மூன்று முறையாவது செய்துவருகிறேன். இப்படி ஒரு கருவியை வாங்கலாமா என்று யோசிப்பவர்களுக்கு என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கருவி பயனுள்ளதுதான், ஆனால் கலவையை எவ்வளவு குளிர்ந்த நிலையில் உறையவைக்கிறோம், அது எவ்வளவு விரைவாக உறைகிறது என்ற இரண்டுமே ஐஸ்கிரீமின் பதத்தைத் தீர்மானிக்கின்றன. இந்த இரண்டையும் கவனிக்காதவருக்குக் கருவியால் பெரிய பலன் இல்லை.

பாலில் நூற்றுக்கு 87 பங்கு தண்ணீர்தான். அந்தத் தண்ணீர் மெதுவாக உறைந்தால் பனித்துகள்கள் ஒன்றோடொன்று சேர்ந்து பெரிதாகின்றன. விரைவாக உறைந்தால் எண்ணற்ற நுண்துகள்களாகப் பிரிந்து நிற்கின்றன. ஒரு மில்லிமீட்டரில் ஏறக்குறைய இருபதில் ஒரு பங்கைத் தாண்டிவிட்ட துகளை நாக்கு உடனே உணர்ந்துவிடுகிறது. நறநறவென்று பல்லில் படுகிற வீட்டு ஐஸ்கிரீமில் நேர்ந்திருப்பது இதுவே. வீட்டில் நாம் கையாளும் வழிகள் எல்லாமே, தண்ணீரைக் குறைப்பதற்கோ, கட்டுப்படுத்துவதற்கோ, அது உறையும்போது ஓயாமல் கலைத்துவிடுவதற்கோ ஏற்பட்டவைதான்.

முதலில் நான் கற்றுக்கொண்டது, பெரும்பாலோர் தொடங்கும் அதே முறை: 500 மில்லி விப்பிங் க்ரீம், 400 கிராம் கண்டென்ஸ்டு மில்க், ஒரு தேக்கரண்டி வெனிலா எசென்ஸ், ஒரு சிட்டிகை உப்பு. இந்த முறையில் இடையில் எடுத்துக் கிளற வேண்டிய அவசியமே இல்லாததற்குக் காரணம், கண்டென்ஸ்டு மில்க்கில் தண்ணீரின் பெரும்பகுதி ஏற்கெனவே வற்றவைக்கப்பட்டுவிட்டது என்பதும், அடித்த க்ரீமுக்குள் காற்று முன்பே புகுந்து நிற்கிறது என்பதும்தான். க்ரீமில் கொழுப்பு 35 விழுக்காடு இருந்தால் எளிதாக எழும்பும். 30-க்குக் கீழே போனால் எவ்வளவு அடித்தாலும் நிற்காது. க்ரீமும், அடிக்கும் பாத்திரமும், பீட்டரின் கம்பிகளும் நன்றாகக் குளிர்ந்திருக்க வேண்டும்.

அடிக்கும்போது பதம் பார்ப்பதில்தான் கவனம் தேவை. முதலில் பெரிய குமிழிகளோடு நுரைக்கும் க்ரீம், சில நிமிடங்களில் கெட்டியாகி, பீட்டர் சுற்றிய தடத்தை அழியாமல் வைத்துக்கொள்ளத் தொடங்குகிறது. பீட்டரைத் தூக்கினால் எழும் நுனி மெல்லத் தலை சாய்கிறதா என்று பாருங்கள். அங்கேயே நிறுத்திவிட வேண்டும். ஒருமுறை வேறு வேலையில் கவனம் போய் இன்னும் ஒரு நிமிடம் கூடுதலாக அடித்துவிட்டேன். வழவழப்பு போய், மேற்பரப்பு சொரசொரப்பாகி, மஞ்சள் சாயல் தட்டி, வெண்ணெய் தனியே மோர்போன்ற நீர் தனியே என்று பிரிந்துவிட்டது. அந்த நிலைக்குப் போனதைத் திரும்பக் கொண்டுவர முடியாது. கண்டென்ஸ்டு மில்க்கைச் சேர்க்கும்போதும் பீட்டரைத் தொடாமல், அகலமான கரண்டியால் அடியிலிருந்து மேலாக மடித்துக் கலந்தால் காற்று அப்படியே தங்குகிறது.

இந்த ஐஸ்கிரீம் மென்மையாக வருகிறது என்பதில் ஐயமில்லை. ஆறு மணி நேரம் ஃப்ரீசரில் இருந்தால் போதும். ஆனால் ஓராண்டு தொடர்ந்து செய்த பிறகு இதன் இனிப்பு எனக்குத் திகட்டிவிட்டது. கண்டென்ஸ்டு மில்க்கின் எடையில் பாதியை நெருங்கும் அளவு சர்க்கரைதான் என்பதால், குறைக்க நினைத்தாலும் குறைப்பதற்கு வழியில்லை. இனிப்பாத கோகோ பவுடர் அல்லது இன்ஸ்டன்ட் காப்பித் தூள் சேர்த்தால் அந்தக் கசப்பு இனிப்பை ஓரளவு ஈடுகட்டுகிறது. இன்றும் நேரமில்லாத நாளில் இந்த முறையைத்தான் நாடுகிறேன். காப்பி சேர்த்துச் செய்தால் மட்டும்.

அடுத்து, பாலைக் காய்ச்சிச் செய்யும் முறைக்கு மாறினேன். இன்றுவரை நான் கைவிடாத அளவு இது: பால் 500 மில்லி, க்ரீம் 250 மில்லி, சர்க்கரை 150 கிராம், பால் பவுடர் மூன்று மேசைக்கரண்டி, சோள மாவு இரண்டு மேசைக்கரண்டி, ஒரு சிட்டிகை உப்பு. சோள மாவைக் கொஞ்சம் குளிர்ந்த பாலில் கட்டியில்லாமல் கரைத்துவைத்துக்கொண்டு, மீதிப் பாலில் சர்க்கரையையும் பால் பவுடரையும் போட்டுச் சிறு தீயில் காய்ச்ச வேண்டும். கொதி வரும் நேரத்தில் மாவுக் கரைசலை ஊற்றி, கரண்டியின் பின்புறத்தில் ஒட்டி, விரலால் கோடு இழுத்தால் அந்தக் கோடு மூடாமல் நிற்கும் வரை அடிபிடிக்காமல் கிளற வேண்டும். இறக்கிய பிறகு க்ரீமைச் சேர்த்து வடிகட்டிவிடுகிறேன். சோள மாவு வெந்து தண்ணீரைப் பிடித்துக்கொள்கிறது. பால் பவுடரில் உள்ள புரதமும் அதே வேலையைச் செய்கிறது. பால் பவுடரை அளவுக்கு மீறிச் சேர்த்தால், அதிலுள்ள பால் சர்க்கரை நாளடைவில் படிகமாகி மணல் தின்பதுபோல ஆகிவிடும். முட்டை சேர்ப்பவர்கள் மாவுக்குப் பதிலாக மஞ்சள் கருவைப் பயன்படுத்தலாம். கலவை 82 டிகிரி செல்சியஸைத் தொடும்போது பதம் வந்துவிடுகிறது, அதற்கு மேல் போனால் முட்டை திரிந்துவிடும்.

கருவியில்லாத காலத்தில் இந்தக் கலவையை அகலமான எவர்சில்வர் தட்டில் ஊற்றி ஃப்ரீசரில் வைத்து, 45 நிமிடத்துக்கு ஒருமுறை எடுத்து ஓரத்தில் உறைந்ததைச் சுரண்டி அடித்து மீண்டும் வைப்பேன். நான்கு முறை இப்படிச் செய்தால் சாப்பிடும் அளவுக்கு நன்றாக வரும். அன்றைக்கே சாப்பிட்டுவிட்டால் குறையொன்றும் தெரியாது. மறுநாள் நறநறப்பு வந்துவிடும். உழைப்போடு ஒப்பிட்டால் பலன் குறைவு என்பதே என் கருத்து.

பனிக்கட்டியும் கல்லுப்பும் கொண்டு செய்யும் பழைய முறையையும் சில முறை செய்து பார்த்தேன். அமெரிக்காவில் நான்சி ஜான்சன் என்பவர் 1843-இல் காப்புரிமை பெற்ற கைப்பிடி சுழற்றும் கருவி இந்த அடிப்படையில்தான் இயங்கியது. உப்பு பனிக்கட்டியை உருகவைக்கிறது. உருகுவதற்குத் தேவையான வெப்பத்தைச் சுற்றியிருப்பவற்றிலிருந்து பனிக்கட்டி இழுத்துக்கொள்கிறது. அதனால் வெறும் பனிக்கட்டி 0 டிகிரியில் நின்றுவிட, உப்பு கலந்தது மைனஸ் 21 டிகிரி வரைகூட இறங்க முடிகிறது. எடையில் மூன்று பங்கு பனிக்கட்டிக்கு ஒரு பங்கு உப்பு போட்டு, நடுவில் சிறிய பாத்திரத்தை வைத்து அரைமணி நேரம் கிளறியபோது கிடைத்த ஐஸ்கிரீம், ஃப்ரீசரில் மட்டும் வைத்துச் செய்ததைவிடத் தெளிவாகவே மேலானது. உப்பு நீர் ஒரு துளி உள்ளே தெறித்தாலும் மொத்தமும் கெட்டுவிடும் என்பதுதான் இதிலுள்ள தொல்லை. எனினும், விரைவாகக் குளிர்வித்தபடியே கிளறுவதன் பயனை இந்த முறைதான் எனக்குக் கண்ணெதிரே காட்டியது. அதன் பிறகே கருவி வாங்க முடிவு செய்தேன்.

கருவியின் கிண்ணம் இரட்டைச் சுவர் கொண்டது. சுவர்களுக்கு இடையே உறையக்கூடிய திரவம் இருக்கிறது. பனிக்கட்டியும் உப்பும் செய்யும் வேலையை அது செய்கிறது. மைனஸ் 18 டிகிரியில் குறைந்தது 24 மணி நேரம் கிண்ணத்தை வைத்திருக்க வேண்டும். காதருகே வைத்துக் குலுக்கும்போது உள்ளே தளும்பும் ஒலி சிறிதளவு கேட்டாலும் இன்னும் ஆகவில்லை என்று பொருள். கழுவிய ஈரத்தோடு கிண்ணத்தை ஃப்ரீசரில் வைத்தால், தங்கிய நீர்த்துளிகள் பனிமுத்துகளாகி, கலவையைக் கிளறும் துடுப்பில் இடித்து, கிண்ணத்தைச் சுழலவிடாமல் தடுத்துவிடும் என்பதை முதல் மாதத்திலேயே அறிந்துகொண்டேன்.

இதைவிட முக்கியமானது கலவையின் குளிர்ச்சி. ஒருமுறை அவசரத்தில், காய்ச்சி இறக்கி ஒரு மணி நேரமே ஆன கலவையை, கை பொறுக்கும் சூட்டோடு ஊற்றினேன். முப்பத்தைந்து நிமிடம் ஓடியும் அது கூழ் பதத்தைத் தாண்டவில்லை. கிண்ணத்தின் குளிர்ச்சி முழுவதும் அந்தச் சூட்டைத் தணிப்பதிலேயே தீர்ந்துவிட்டது. அதே அளவில் மீண்டும் செய்து, ஓர் இரவு முழுவதும் ஃபிரிட்ஜில் வைத்து மறுநாள் ஊற்றியபோது பதினெட்டாம் நிமிடத்தில் பதம் வந்துவிட்டது. இரவு முழுதும் வைப்பதால் குளிர்ச்சி மட்டும் கிடைப்பதில்லை. கொழுப்புத் துளிகள் உறுதிப்பட்டுக் காற்றைத் தாங்கிக்கொள்ளவும், புரதம் தண்ணீரை உறிஞ்சிக்கொள்ளவும் அந்த நேரம் தேவைப்படுகிறது. இந்த ஒரு பழக்கம்தான் ஐந்து ஆண்டுகளில் என் ஐஸ்கிரீமை மற்ற எதையும்விட அதிகமாக மேம்படுத்தியது.

கருவி ஓடும்போது அருகில் நிற்பது எனக்கு இன்றும் பிடித்தமானது. கிண்ணம் சுழல, நடுவே நிற்கும் துடுப்பு சுவரில் படியும் பனிப்படலத்தை வழித்தெடுத்துக்கொண்டே இருக்கிறது. பத்து நிமிடம் வரை பால் தளும்பும் ஓசைதான். பிறகு தளும்பல் அடங்கி, மோட்டாரின் ஒலி தாழ்ந்து கனக்கிறது. துடுப்பு கிழித்த தடம் மூடாமல் மடிப்பு மடிப்பாக விழத் தொடங்குகிறது. கலவையின் மட்டம் ஒரு விரலளவு உயர்ந்திருக்கும். அதற்கு இடம் விட்டுக் கிண்ணத்தில் மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் ஊற்றக் கூடாது. அந்த நிலையில் ஐஸ்கிரீம் மைனஸ் 5 டிகிரி அளவில்தான் இருக்கும், எனவே மென்மையாகக் குழைந்து வரும். உடனே டப்பாவுக்கு மாற்றி ஃப்ரீசரின் அடியாழத்தில் நான்கு மணி நேரமாவது வைத்துவிட வேண்டும். கரண்டியோடு நின்று சுவைத்துக்கொண்டே இருந்தால் ஓரங்கள் உருகி, மீண்டும் உறையும்போது அங்கே பெரிய துகள்கள் வந்துவிடும்.

மூன்று ஆண்டுகளில் கருவியின் தேய்மானம் இது: கிண்ணத்தில் கசிவு இல்லை, குளிர்ச்சித் திறன் குறைந்ததாகவும் தெரியவில்லை. எவர்சில்வர் கரண்டியால் சுரண்டியதில் உட்புறப் பூச்சில் இரண்டு கீறல்கள் விழுந்துவிட்டன. அதன் பின் மரக்கரண்டி மட்டும்தான். ஒளிபுகும் மூடியில் இரண்டாம் ஆண்டில் மயிரிழை விரிசல் தோன்றியது. துடுப்பின் ஓரம் சற்றுத் தேய்ந்துவிட்டதால், சுவரில் இரண்டு மில்லிமீட்டர் அளவுக்கு வழிக்கப்படாத படலம் இப்போது தங்கிவிடுகிறது. மோட்டாரின் ஓசை, மூடிய கதவுக்கு அப்பாலும் கேட்கும் அளவுக்குப் பெரியது. உறங்கும் நேரத்தில் இயக்க முடியாது. கருவியோடு வரும் ஒரே கிண்ணத்தை வைத்து ஒருநாளில் ஒரே ஒரு முறைதான் செய்ய முடியும் என்பதே பெரிய குறை.

சர்க்கரையைக் குறைக்க விரும்புவோருக்கு ஒரு வார்த்தை. வீட்டில் ஒருவருக்காக 150 கிராமை 70 கிராமாகக் குறைத்தபோது, மறுநாள் டப்பாவில் இருந்தது கத்தியும் இறங்காத கட்டி. சர்க்கரை இனிப்புக்காக மட்டும் சேர்க்கப்படுவதில்லை. அது தண்ணீர் உறையும் புள்ளியைத் தாழ்த்துகிறது. உறைய உறைய எஞ்சும் பாகு மேலும் அடர்த்தியாவதால், மைனஸ் 18 டிகிரியிலும் ஒரு பகுதி உறையாமலே நிற்கிறது. கரண்டி உள்ளே இறங்குவது அந்த உறையாத பாகினால்தான். மேலும், குளிர்ந்த நாக்குக்கு இனிப்பு குறைவாகவே தெரியும். எனவே காய்ச்சும்போது சற்றே தூக்கலாக இருப்பதுதான் உறைந்த பிறகு சரியாக இருக்கும். 120 கிராம் வரை குறைத்துப் பார்த்தேன். பரிமாறுவதற்குப் பத்து நிமிடம் முன்பு ஃபிரிட்ஜுக்கு மாற்றிவைத்தால் நன்றாகவே இருக்கிறது.

பழம் சேர்ப்பதிலும் தண்ணீர்தான் சிக்கல். வேகவைக்காத பழத்துண்டுகள் பல்லில் கல்போல் கடிபடும். துண்டுகளைச் சர்க்கரையில் ஊறவைத்து, சிறு தீயில் பாதியாக வற்றும்வரை சுண்டவைத்து, முற்றிலும் ஆறிய பின் சேர்த்தால் நிறமும் மணமும் கூடுகின்றன. வாழைப்பழம் மட்டும் விதிவிலக்கு. நன்றாகக் கனிந்ததைத் துண்டுகளாக உறையவைத்து மிக்ஸியில் அரைத்தாலே, வேறெதுவும் சேர்க்காமல் குழைவான பதம் வருகிறது.

சேமிப்பில் நான் கற்றது குறைவானாலும் பயனுள்ளது. உயரமான டப்பாவைவிட ஆழம் குறைந்த அகல டப்பா நல்லது. ஐஸ்கிரீமின் மேற்பரப்பை ஒட்டினாற்போல் பட்டர் பேப்பரை அழுத்திவைத்து மூடினால் மேலே பனி படியாது. தானாகப் பனி நீக்கும் ஃப்ரீசர்களில் வெப்பநிலை அவ்வப்போது ஏறி இறங்குவதால், கதவுப் பக்கம் வைக்கவே கூடாது. வீட்டில் செய்ததில் நிலைப்படுத்தும் பொருட்கள் ஏதும் இல்லாததால், ஒரு வாரத்துக்குள் சாப்பிடுவதே சிறந்தது. இரண்டாம் வாரத்தில் வேறுபாடு தெளிவாகத் தெரியும்.

மாதத்துக்கு ஒருமுறைகூடச் செய்யும் எண்ணம் இல்லாதவருக்குக் க்ரீமும் கண்டென்ஸ்டு மில்க்கும் போதும். கருவி அலமாரியில் இடத்தைத்தான் அடைக்கும். இனிப்பையும் சுவையையும் தம் விருப்பப்படி அமைத்துக்கொள்ள நினைத்து, முதல் நாளே காய்ச்சிவைக்கும் பொறுமையும் ஃப்ரீசரில் கிண்ணத்துக்கென்று நிரந்தரமாக ஓர் இடமும் உள்ளவருக்கு, இந்தக் கிண்ண வகைக் கருவியைத் தயக்கமின்றிப் பரிந்துரைப்பேன். வாங்கும்போது, அந்தக் கிண்ணம் தனியாகவும் கிடைக்கிறதா என்று கேட்டுக்கொள்ளுங்கள். சென்ற ஆண்டு நான் இரண்டாவது கிண்ணம் ஒன்றை வாங்கினேன். அதன் பிறகு ஒரே மாலையில் வெனிலாவும் கோகோவும் அடுத்தடுத்துச் செய்ய முடிகிறது.