நேராகத் தொழில்முறைக்கா, அமெரிக்கக் கல்லூரிக்கா?

18 வயதில் நன்றாக டென்னிஸ் ஆடும் பிரிட்டிஷ் பையன்களுக்கு இந்தக் குழப்பம் வரும். அதிகம் பேசப்படாத இருவரை வைத்துப் பார்ப்போம். மார்கஸ் வில்லிஸ் நேராகப் போட்டிகளில் இறங்கியவர். ஹல் நகரத்தில் வளர்ந்த பால் ஜப், அமெரிக்காவின் தென் கரோலைனா பல்கலைக்கழகம் போய், அங்கே ஆடியவர்.

செலவு
வில்லிஸ் வழி: பயணம், ஓட்டல், கோச் எல்லாம் கைக்காசு. 2016-ல் அவர் தரவரிசை 772. மணிக்கு 30 பவுண்டுக்கு வார்விக்கில் கோச்சிங் கொடுத்துக்கொண்டிருந்தார்.
ஜப் வழி: ஸ்காலர்ஷிப் கிடைத்தால் கோச்சும் ஜிம்மும் கல்லூரிக் கணக்கில்.

உச்சம்
வில்லிஸ்: அதே 2016-ல் ஆறு தகுதி ஆட்டங்களை வென்று விம்பிள்டனுக்குள் நுழைந்தார். முதல் சுற்றில் லித்துவேனியாவின் பெரான்கிஸைச் சாய்த்தார். அப்புறம் சென்டர் கோர்ட்டில் ஃபெடரர். முதல் செட் 0-6. ஆனால் அடுத்த செட்டில் ஒரு கேமை வென்றதும் அரங்கமே எழுந்து ஆர்ப்பரித்தது. 0-6, 3-6, 4-6 தோல்விக்கு இப்படியொரு கைதட்டலா!
ஜப்: 2019-ல் அமெரிக்கப் பல்கலைக்கழக ஒற்றையர் சாம்பியன். 2022 விம்பிள்டன் முதல் சுற்றில் ஆஸ்திரேலியாவின் கிர்யோஸை ஐந்து செட் இழுத்தடித்துத் தோற்றார். அந்த ஆண்டு கிர்யோஸ் இறுதிப் போட்டிவரை போனார்.

காலம்
கல்லூரி சில வருடங்களை எடுத்துக்கொள்ளும். ஆனால் தோற்றாலும் கையில் பட்டம் இருக்கும்.

ஜூனியரிலேயே பெரிய போட்டிகளை வென்று, ஸ்பான்சரும் இருந்தால் நேராக இறங்கலாம். வீட்டில் பணம் இல்லையா, உடம்பு இன்னும் வலுவாகவில்லையா? ஜப் வழிதான் சரி.