கெட்டிமேளத்துக்கு லேப்டாப்பா, கீபோர்டா?

கோலாலம்பூர்க் கல்யாணங்களில் நாதஸ்வர, தவில் ஒலிகளைக் கீபோர்டில் வாசிப்பவர்களுக்கு இரண்டு வழி இருக்கிறது. லேப்டாப்பில் கொன்டாக்ட் என்ற மென்பொருளைப் போட்டு ஒலித்தொகுப்பை அப்படியே வாசிக்கலாம். அல்லது சாம்பிள்களை, அதாவது பதிவுசெய்த ஒலித் துண்டுகளை, யமஹா மோடெக்ஸ் மாதிரி ஒரு கீபோர்டுக்குள்ளேயே ஏற்றிவிடலாம். நான் இரண்டையும் மேடையேற்றிவிட்டேன்.

இடக் கணக்கைச் சீக்கிரம் முடித்துவிடலாம். 2018-இல் வந்த மோடெக்ஸில் நாம் ஏற்றிக்கொள்ள 1 ஜிபி உண்டு. 16 பிட், 44.1 கிலோஹெர்ட்ஸ் ஸ்டீரியோ ஒலி நிமிடத்துக்குச் சுமார் 10 எம்பி பிடிக்கும். ஆக, 100 நிமிடம் கொள்ளும். தவிலுக்குத் தாராளம். கொன்டாக்ட் சாம்பிளின் தொடக்கத்தை மட்டும் ரேமில் வைத்துக்கொண்டு, மிச்சத்தை டிஸ்க்கிலிருந்து இழுக்கும். அதனால் பெரிய தொகுப்பும் அதற்குச் சுமையில்லை.

எனக்குப் பெரிதாகப் படுவது ஸ்கிரிப்ட், அதாவது சாம்பிள்கள் எப்படி ஒலிக்க வேண்டும் என்று கொன்டாக்டுக்குச் சொல்லும் சிறு நிரல். கொன்டாக்ட் நாதஸ்வரம் ஒரு சுரத்திலிருந்து அடுத்ததற்கு வழுக்கிப் போவது ஸ்கிரிப்டின் வேலை. கீபோர்டுக்கு மாற்றும்போது வேவ் கோப்புகள் வரும், ஸ்கிரிப்ட் வராது. சுருதியை ஏற்றி இறக்கப் பிட்ச் பெண்ட் இருக்கிறதே என்பார்கள். ஆனால் சாம்பிளை இழுத்தால், ஊதுவாயான சீவாளியின் குணமும் சேர்ந்து இழுபடும். தோடி ராகத்தின் காந்தாரத்தை அப்படி அசைத்துப் பாருங்கள், சங்கு ஊதுவதுபோல் கேட்கும். நாதஸ்வரத்துக்கு லேப்டாப்தான், சந்தேகமே வேண்டாம்.

தவில் கதை வேறு. வலப்பக்கமான வலந்தலையில் கூடு மாட்டிய விரல், இடப்பக்கமான தொப்பியில் கழி. ஒவ்வொரு அடியையும் நாலு தடவை பதிவுசெய்து மாற்றி மாற்றி ஒலிக்கவிட்டால் போதும், உயிர் வந்துவிடும். மோடெக்ஸில் எக்ஸ்ஏ கன்ட்ரோல் என்ற அமைப்பைச் சைக்கிளில் (சுழற்சி முறையில்) வைத்தால் இது நடக்கிறது. அழுத்தினால் அடி உடனே விழுகிறது.

லேப்டாப்பில் ஒலியைச் சேர்த்துவைத்து அனுப்பும் பஃபர் 128 என்றால் ஏறக்குறைய 3 மில்லிசெகண்ட் தாமதம், 512 என்றால் 12. பினாங்கு தைப்பூசத்துக்குத் தண்ணீர்மலைப் பக்கம் பந்தலில் வாசித்தபோது, சூட்டில் ஒலி கரகரத்தது. 512-க்கு ஏற்றினேன். கரகரப்பு நின்றது, ஆனால் வேகமான தீர்மானம் (தாளத்தை முடித்துவைக்கும் கோர்வை) கைக்குப் பின்னால் ஓடி வந்தது.

அதைவிட மோசம், பிரிக்ஃபீல்ட்ஸ் பக்கம் ஒரு கல்யாணம். ஐயர் கையைத் தூக்கி "கெட்டிமேளம்" என்றார். லேப்டாப்பை நம்பிக் கட்டையை அழுத்தினேன். 'கர்ர்' என்று ஓர் ஒலி, அப்புறம் ஒன்றுமே இல்லை. மூன்று முடிச்சும் விழுந்துவிட்டது. பெண்ணின் அப்பா திரும்பிப் பார்த்த பார்வையை என்னால் மறக்க முடியவில்லை.

இலவச கொன்டாக்ட் பிளேயரை நம்பி மேடையேற நினைப்பவர்கள் ஒன்றைக் கவனியுங்கள்: முழுப் பதிப்பு கேட்கும் தொகுப்புகள் அதில் 15 நிமிடத்தில் நின்றுவிடும். ஒத்திகையில் இது தெரியாமலே போகலாம்.

இப்போது தவில் முழுக்க மோடெக்ஸில். கெட்டிமேளக் கட்டைமேல் சிவப்பு ஸ்டிக்கர் ஒட்டியிருக்கிறேன். லேப்டாப் நாதஸ்வரம் வீட்டுப் பதிவுக்கு மட்டும். மேடைக்கு நாதஸ்வரக்காரர் கிடைத்தால் அவரையே கூப்பிட்டுவிடுகிறேன்.