ஹட்டனில் கூறைச் சேலை எடுத்த கடை

தங்கச்சிமார் ரெண்டு பேருக்கும் கல்யாணச் சேலை எடுத்தது இந்தக் கடையில்தான். போன மாதம் எனக்கே எடுக்கப் போனேன்.

பட்டு எல்லாம் மேல்மாடியில். படி செங்குத்து, முழங்கால் வலி உள்ள அம்மாமாரைக் கூட்டிப் போனால் கஷ்டம்.

விலையைச் சொல்லிவிடுகிறேன். 2019இல் பெரிய தங்கச்சிக்கு எடுத்தது 11,500 ரூபாய். அதே தரம் இப்போது 30,000க்குக் கீழே இல்லை. தேயிலைத் தோட்டத்தில் அம்மாவின் நாள் சம்பளம் அப்போது 700, 2021இல் 1000, 2024இல் 1350. பறித்த கொழுந்து குறைந்தால் அதுவும் அரைப்பேர்தான், பாதிச் சம்பளம். ஆனால் இங்கே தெரிந்தவர்களுக்குச் சம்பளத்துக்குச் சம்பளம் தவணையாகக் கட்ட விடுவார்கள், வட்டி இல்லை. முதலாளி அம்மாவின் கடன் கொப்பியில் என் பெயர் இல்லாத வருஷம் குறைவு.

"கடைசித் தங்கச்சிக்கா அக்கா?" என்று சேலை காட்டும் பிள்ளை கேட்டது. "இவங்களுக்குத்தான்" என்றார் கூட வந்தவர். உயர்தரம் படிக்கும்போது டியூஷன் விட்டு ஒரே பஸ்ஸில் வந்தவர். அப்பா போனதும், தங்கச்சிமார் கரையேறட்டும் என்றேன். சரி என்று கொழும்பு கெய்சர் வீதிக்குப் புடவைக் கடை வேலைக்குப் போய்விட்டார். இடையில் அவர் வீட்டில் பெண் பார்த்த கதையெல்லாம் இங்கே வேண்டாம்.

எனக்கென்று தெரிந்ததும் அந்தப் பிள்ளை ரோஸையும் மஞ்சளையும் மடித்து வைத்துவிட்டு, காப்பிக் கலரும் சாம்பலும் எடுத்துப் போட்டது. "இந்த வயசுக்கு இதுதான் அக்கா எடுப்பு." எனக்கு முப்பத்தஞ்சுதான் தங்கச்சி! முதலாளி அம்மா வந்து அதட்டிய பிறகுதான் முதல் கட்டு திரும்பி வந்தது. அரக்குக் கரை வைத்த கிளிப்பச்சை எடுத்தேன். அவர் தொழில்காரர், முந்தானையைப் புரட்டிச் சரிகையைத் தேய்த்துப் பார்த்து, "கொழும்பைவிட ரெண்டாயிரம் கூட, ஆனா சரக்கு நல்லது" என்றார்.

கூறை மாப்பிள்ளை வீட்டுச் செலவு. அது தெரிந்தும் பழக்கத்தில் பர்ஸைத் திறந்துவிட்டேன். அதற்குள் அவர் காசை எண்ணி வைத்துவிட்டார். இந்தக் கடையில் எனக்காக இன்னொருவர் காசு கட்டியது அன்றைக்குத்தான். முதலாளி அம்மா கொப்பியை எடுக்கவேயில்லை.

பிளவுஸை மட்டும் இங்கே தைக்கக் கொடுக்காதீர்கள். சொன்ன நாளுக்குத் தரவில்லை, கையும் இறுக்கம். சம்பளம் போட்ட வாரத்துச் சனிக்கிழமை போனால் சேலையை விரித்துப் பார்க்க இடம் இருக்காது. வேட்டி சட்டையில் வகை குறைவு, அவருக்குக் கொழும்பில்தான் எடுத்தோம்.