ஜெபப் படிவத்தில் எழுதிக் கொடுத்ததே தீர்க்கதரிசனமாகத் திரும்பி வந்தது: தயவுசெய்து படியுங்கள்

வீட்டுக்கே வந்து ஜெபிக்கிறோம் என்று சொல்லி, வியாதியில் இருப்பவர்களையும் தனியாக வாழும் பெண்களையும் குறிவைக்கும் ஆட்களைப் பற்றி எழுதுகிறேன். எங்கள் சித்தியை இவர்கள் எப்படிப் பிடித்தார்கள், என்னவெல்லாம் போனது என்பதை நடந்தபடியே சொல்கிறேன். உங்கள் அம்மாவோ அத்தையோ பக்கத்து வீட்டு ஆச்சியோ இதே வழியில் போய்க்கொண்டிருந்தால் இப்போதே தடுத்துவிடலாம். சித்தியிடம் கேட்டுத்தான் எழுதுகிறேன். "எழுதுய்யா, இன்னொருத்திக்கு இப்படி ஆகக் கூடாது" என்றார்.

சித்தி இருப்பது தூத்துக்குடிப் பக்கம். ஓய்வுபெற்ற ஆசிரியை. பல வருஷமாகச் சர்க்கரை, இன்சுலின் போட்டுக்கொள்கிறவர். ஞாயிறு ஆராதனை, பெண்கள் ஐக்கிய சங்கம், வருஷா வருஷம் அசனம் (சபையார் சேர்ந்து சாப்பிடும் விருந்து) என்று பிறந்ததிலிருந்து சி.எஸ்.ஐ. (தென்னிந்தியத் திருச்சபை) கோயிலோடு வளர்ந்தவர். சித்தப்பா இறந்து, மகனும் துபாய்க்குப் போன பிறகு வீட்டில் தனியாகிவிட்டார். அந்தச் சமயத்தில்தான் தெருக்காரர் ஒருவர், "வெள்ளிக்கிழமை உபவாச ஜெபம் நடக்கு, ஒரு தடவை வந்து பாருங்க டீச்சர்" என்று கூட்டிக்கொண்டு போயிருக்கிறார். கல்யாண மண்டபம் ஒன்றின் மாடியில் கூட்டம். நடத்துகிறவரை எல்லோரும் 'பிரதர்' என்பார்கள். எங்கே வேதம் படித்தார், இதற்கு முன் எந்தச் சபையில் இருந்தார், அவர் தவறு செய்தால் தட்டிக்கேட்க யார் இருக்கிறார்கள் என்று அங்கே ஒருவருக்கும் தெரியாது.

மாடிப்படி ஏறியதும் ஒரு மேசை. இரண்டு பெண்கள் உட்கார்ந்து ஜெப விண்ணப்பப் படிவம் கொடுப்பார்கள். நிரப்பாத படிவம் ஒன்று பின்னால் சித்தி வீட்டில் வேதாகமத்துக்குள் கிடைத்தது. வரி வரியாகப் படித்தேன். பெயர், வயது, செல் நம்பர். வீட்டில் யார் யார், யார் வெளிநாட்டில். சொந்த வீடா, வாடகையா. என்ன வேலை, பென்ஷன் உண்டா. என்ன வியாதி, என்ன மருந்து. கடன் இருக்கிறதா. 'குடும்பத்தில் சமீபத்தில் நடந்த துக்கம்' என்று தனியாக ஒரு வரி. எல்லாவற்றுக்கும் கடைசியில்தான் ஜெபக் குறிப்பு, அதற்கு இரண்டு விரல் அகலம் இடம். எனக்காக ஜெபிக்கிறவருக்கு என் வீடு சொந்தமா வாடகையா என்று எதற்குத் தெரிய வேண்டும்?

சில வாரம் கழித்துப் பிரதர் மேடையில் கண்ணை மூடிக்கொண்டு, "பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுத்த ஒரு மகள் இங்கே இருக்கிறீர்கள், கணவரை இழந்தவர், மகன் தூர தேசத்தில், பாதத்தில் எரிச்சல், கர்த்தர் உங்களைக் காண்கிறார்" என்று சொல்லியிருக்கிறார். சித்தி அங்கேயே அழுதுவிட்டார். அதற்கப்புறம் நாங்கள் எது சொன்னாலும், "என்னைப் பத்தி அவருக்கு யாருய்யா சொன்னா? கர்த்தர்தானே?" என்பதுதான் பதில். படிவம் நிரப்பிக் கொடுத்தது அவருக்கு நினைவிலேயே இல்லை. துக்கத்தில் இருப்பவர்களுக்கு இப்படிச் சின்ன விஷயங்கள் மறந்துபோகும் என்பது அந்த ஆட்களுக்கு நன்றாகத் தெரியும்.

இது பழைய வித்தை. அமெரிக்காவில் பீட்டர் போப்பாஃப் என்ற சுகமளிக்கும் பிரசங்கியார் கூட்டத்தில் இருப்பவர்களின் பெயர், முகவரி, வியாதி எல்லாவற்றையும் 'வெளிப்பாடாக' சொல்லிக்கொண்டிருந்தார். 1986-ல் ஜேம்ஸ் ராண்டி என்ற, இப்படிப்பட்ட மோசடிகளை அம்பலப்படுத்தும் மேஜிக் கலைஞர் ரேடியோ அலைவரிசையைத் தேடும் கருவியை வைத்துக் கேட்டபோது, போப்பாஃபின் காதில் இருந்த சின்னக் கருவிக்கு அவர் மனைவி தகவல் சொல்லிக்கொண்டிருந்தது பதிவானது. ஜெபச் சீட்டுகளிலும் கூட்டத்துக்கு முன் பேச்சுக் கொடுத்தும் திரட்டிய தகவல்தான் அத்தனையும். அடுத்த வருஷமே அவர் திவாலானதாக அறிவித்தார். வேதனை என்னவென்றால், பிறகு அதே மனிதர் 'அற்புதத் தண்ணீர்' அனுப்புகிறேன் என்று டிவியில் திரும்பி வந்தார், ஆட்களும் சேர்ந்தார்கள். அம்பலமாகிவிட்டால் கதை முடிந்தது என்று நாம் இருந்துவிட முடியாது.

சித்தியிடம் பணம் கேட்டது படிப்படியாகத்தான். முதலில் மாதாமாதம் 'பங்காளர்' தொகை. அப்புறம் பென்ஷனில் தசமபாகம், அதாவது பத்தில் ஒரு பங்கு, அதுவும் சொந்தச் சேகரத்துக்கு, அதாவது சொந்தக் கோயிலுக்கு, போகக் கூடாதாம், 'ஆவிக்குரிய ஆகாரம் கிடைக்கிற இடத்துக்கு'ப் போக வேண்டுமாம். அப்புறம் மகனுக்கு வேலை நிரந்தரமாக விசுவாச விதையாக (கொடுத்தால் பலமடங்காகத் திரும்பும் என்று சொல்லி வாங்கும் காணிக்கை) ஒரு வளையல். கடைசியில் சித்தப்பா கட்டிய தாலிச் செயின். "செத்தவரின் கட்டு உங்கள் கழுத்தில் இருக்கிறது, அதனால்தான் வியாதி விலகவில்லை" என்று சொல்லி வாங்கியிருக்கிறார்கள். கணவனை இழந்த பெண்ணிடம் இப்படிச் சொல்ல எப்படி வாய் வந்ததோ தெரியவில்லை. எதற்கும் ரசீது கிடையாது. ஜி-பேயில் அனுப்பிய பணம்கூட டிரஸ்ட் பெயருக்குப் போகவில்லை, ஒரு தனி ஆளின் பெயருக்குத்தான் போயிருக்கிறது.

ஒவ்வொரு தடவையும் சாரிபாத் விதவையின் கதையைச் சொல்வார்களாம். கடைசிப் பிடி மாவையும் தீர்க்கதரிசிக்குக் கொடுத்தாள், ஆசீர்வாதம் பெற்றாள் என்று. 1 இராஜாக்கள் 17-ஐ எடுத்து முழுதாகப் படியுங்கள். எலியா அந்த மாவை வாங்கிக்கொண்டு அடுத்த ஊருக்குப் போய்விடவில்லை. அந்த விதவை வீட்டிலேயே இருந்தார், அதே பானை மாவைத்தான் எல்லோரும் சாப்பிட்டார்கள், பானையும் காலியாகவில்லை. இங்கே காலியானது சித்தியின் பானை மட்டும்தான்.

பணம் போனதைக்கூட மறந்துவிடலாம். அடுத்து நடந்ததை என்னால் மன்னிக்க முடியவில்லை. "மருந்தையும் வைத்துக்கொண்டு சுகத்தையும் கேட்பது அவிசுவாசம்" என்று சொல்லி இன்சுலினை நிறுத்தச் சொல்லியிருக்கிறார்கள். பதிலுக்கு ஒரு சின்னக் குப்பி அபிஷேக எண்ணெய், கால் புண்ணில் தடவ. சித்தி எங்களிடம் மூச்சுவிடவில்லை. கிறிஸ்துமஸுக்கு நாங்கள் போனபோது வாசலிலேயே நாற்றம் அடித்தது. காலில் சுற்றியிருந்த துணியை அவிழ்த்தால் பெருவிரலும் பக்கத்து விரலும் கறுத்திருந்தன. இன்சுலின் பேனா ஃபிரிட்ஜில் அப்படியே இருந்தது. அன்று இரவே ஆஸ்பத்திரியில் சேர்த்தோம், இரண்டு விரலையும் எடுக்க வேண்டியதாகிவிட்டது. பிரதருக்குப் போன் போட்டால், "விசுவாசத்தில் நிலைத்திருக்கவில்லை" என்றார். அதன் பிறகு நம்பரை பிளாக் செய்துவிட்டார்.

வேதம் எங்கேயும் மருந்தை விடச் சொல்லவில்லை. எசேக்கியா ராஜாவின் பிளவைக்கு அத்திப்பழ அடையைப் போடச் சொன்னது ஏசாயா தீர்க்கதரிசிதான். பவுலோடு இருந்த லூக்கா ஒரு வைத்தியன். தீமோத்தேயுவின் வயிற்றுக்காகக் கொஞ்சம் திராட்சரசம் குடிக்கச் சொன்னார் பவுல். துரோப்பீமுவை வியாதியோடு மிலேத்துவில் விட்டுவிட்டு வந்தேன் என்றும் எழுதுகிறார், அவனுக்கு விசுவாசம் குறைச்சல் என்று ஒரு வார்த்தை இல்லை. ஐடா ஸ்கடர் அம்மையார் 1900-ல் வேலூரில் ஒற்றைக் கட்டிலோடு தொடங்கிய மருத்துவமனைதான் இன்றைய சி.எம்.சி. அவருக்கு விசுவாசம் இல்லாமலா ஊசியையும் கத்தியையும் கையில் எடுத்தார்? மருந்தை நிறுத்து என்று எந்த ஊழியர் சொன்னாலும் அன்றைக்கே அவரைவிட்டு விலகிவிடுங்கள்.

நானும் மாமாவும் பிரதரை நேரில் போய்ப் பார்த்தோம். வாங்கிய நகை எங்கே, கணக்கு யாரிடம் இருக்கிறது, இன்சுலினை நிறுத்தச் சொன்னது யார் என்று மரியாதையாகத்தான் கேட்டோம். முகம் உடனே மாறிவிட்டது. "'நான் அபிஷேகம்பண்ணினவர்களைத் தொடாதே' என்று வசனம் இருக்கிறது, உங்கள் குடும்பத்துக்குத்தான் ஆபத்து" என்றார். அடுத்த வெள்ளிக்கிழமை மேடையில், ஊழியத்துக்கு எதிராக யேசபேலின் (தீர்க்கதரிசிகளைக் கொன்ற வேதாகம ராணி) ஆவி எழும்பியிருக்கிறது என்று பிரசங்கம். எங்களோடு பேசக் கூடாது என்று வாட்ஸ்அப் குழுவில் தகவலும் போயிருக்கிறது.

அந்த வசனம் சங்கீதம் 105:15. முந்தின வசனத்தையும் சேர்த்துப் படித்தால், நாடோடிகளாகத் திரிந்த ஆபிரகாமையும் ஈசாக்கையும் யாக்கோபையும் ராஜாக்கள் ஒடுக்காதபடி தேவன் காத்ததைச் சொல்கிறது. ஊழியரிடம் கணக்குக் கேட்கக் கூடாது என்பதற்கு அதில் இடமே இல்லை. பவுலே வந்து பிரசங்கித்தபோது பெரோயா பட்டணத்தார், 'காரியங்கள் இப்படியிருக்கிறதா' என்று தினந்தோறும் வேதவாக்கியங்களை ஆராய்ந்தார்கள், வேதம் அவர்களை நற்குணசாலிகள் என்கிறது. பவுலைச் சோதிக்கலாம், மண்டப மாடிப் பிரதரைச் சோதிக்கக் கூடாதா? எலிசா, நாகமான் குணமானதற்குக் கொண்டுவந்த காணிக்கையை வாங்க மாட்டேன் என்று மறுத்துவிட்டார். பின்னாலேயே ஓடிப் பொய் சொல்லி வெள்ளியும் வஸ்திரமும் வாங்கிய கேயாசிக்கு என்ன வந்தது என்று 2 இராஜாக்கள் 5-ல் இருக்கிறது.

ஆதிச்சபை இதில் நம்மைவிடக் கறாராக இருந்தது. 'திதாகே' என்று மிகப் பழைய சபை ஒழுங்கு நூல் ஒன்று உண்டு, 1873-ல் கான்ஸ்டாண்டிநோபிளில் அதன் பிரதி கிடைத்தது. ஊர் ஊராக வரும் ஊழியர் ஒரு நாள் தங்கலாம், தேவைப்பட்டால் இரண்டு நாள், மூன்றாம் நாளும் தங்கினால் அவர் கள்ளத்தீர்க்கதரிசி என்கிறது. புறப்படும்போது வழிக்கு அப்பம் தவிர வேறெதுவும் வாங்கக் கூடாது, பணம் கேட்டால் கள்ளத்தீர்க்கதரிசி. ஆவியில் பேசுவதாகச் சொல்லித் தனக்குப் பணம் கேட்கிறவனுக்குச் செவிகொடுக்காதே, இல்லாதவர்களுக்காகக் கேட்டால் மட்டும் அவனை நியாயந்தீர்க்காதே என்று பிரித்தும் சொல்கிறது.

தேதி குறித்துச் சொல்கிறவர்களையும் கவனியுங்கள். தென்கொரியாவில் லீ ஜாங்-ரிம் என்பவர் 1992 அக்டோபர் 28-ல் சபை எடுத்துக்கொள்ளப்படும், அதாவது விசுவாசிகள் உயிரோடு பரலோகத்துக்குப் போவார்கள் என்றார். வேலையை விட்டவர்களும் சொத்தை விற்றுக் கொடுத்தவர்களும் உண்டு. அவர் தன் பெயரில் வாங்கி வைத்திருந்த கடன் பத்திரங்கள் முதிர்வதோ 1993-ல். மோசடி வழக்கில் சிறைக்குப் போனார். இதற்கெல்லாம் உபாகமம் 18:22 போதும். சொன்னது நடக்காவிட்டால் 'அது கர்த்தர் சொல்லாத வார்த்தை. அந்தத் தீர்க்கதரிசி அதைத் துணிகரத்தினால் சொன்னான். அவனுக்கு நீ பயப்படவேண்டாம்'. சித்தி மகனுக்கு அந்த மே மாதத்துக்குள் வேலை நிரந்தரமாகும் என்றார்கள். ஆகவில்லை. உடனே இன்னொரு விதை போடச் சொன்னார்கள்.

உபதேசத்தை மட்டும் வைத்து இவர்களைக் கண்டுபிடிப்பது கஷ்டம். இயேசு, இரத்தம், அபிஷேகம் என்று நம் கோயிலில் கேட்கும் அதே வார்த்தைகளைத்தான் பேசுவார்கள். கேள்வி கேளுங்கள், கேட்டதும் என்ன செய்கிறார் என்று பாருங்கள். எங்கள் சேகரத்து ஐயரிடம் (போதகரிடம்) யாரும் கணக்குக் கேட்கலாம், அச்சடித்த அறிக்கை உண்டு, கமிட்டி உண்டு. அங்கேயும் சண்டை வரும், குறை இருக்கும், ஆனால் கேட்டவனைச் சபிக்க மாட்டார்கள். சுயாதீன சபைகளிலும் உண்மையான ஊழியர்கள் எத்தனையோ பேர், சைக்கிளில் போய் ஜெபித்துவிட்டுக் காப்பிகூடக் குடிக்காமல் வருகிறவர்களை எனக்குத் தெரியும். அவர்கள் பெயரும் சேர்ந்துதான் கெடுகிறது.

இப்போது போலீசில் புகார் கொடுத்திருக்கிறோம். ஏமாற்றுதல் பாரதிய நியாய சன்ஹிதா 318-ல் வருகிறது. சர்க்கரை உள்ளிட்ட வியாதிகள் மந்திர முறையில் குணமாகும் என்று விளம்பரம் செய்வதை 1954-ம் வருஷத்துச் சட்டமே தடை செய்திருக்கிறது, அதனால் அவர்கள் ஒட்டிய நோட்டீசையும் கொடுத்தோம். "விருப்பப்பட்டுக் கொடுத்த காணிக்கைதானே" என்றுதான் முதலில் கேட்பார்கள். வாயால் சொன்னதை வைத்து ஒன்றும் செய்ய முடியாது. ஜி-பே விவரம், வாட்ஸ்அப் குரல் பதிவுகள், நோட்டீஸ், எண்ணெய்க் குப்பி, ஜெபப் படிவம் எதையும் அழிக்காமல் எடுத்து வையுங்கள். இன்சுலினை நிறுத்தச் சொன்ன குரல் பதிவு சித்தியின் போனில் தப்பியிருந்ததால்தான் எங்கள் புகாரையே வாங்கினார்கள்.