வண்ணாரப்பேட்டை சனிக்கிழமை கிளாஸ்: பச்சக்குழந்தை கொலை கேஸும் மெடிக்கல் சாட்சியமும், போய்ட்டு வந்தவ எழுதுறேன்

ஆறு வாரம், போன சனிக்கிழமையோட முடிஞ்சுது. எம்.சி.ரோட்டுக்கு பின்னாடி சந்துல ஒரு மாடி ரூம், சாயங்காலம் நாலு மணிக்கு ஆரம்பிச்சா ஏழு ஆயிடும், ரிட்டயர்ட் ஆன ஃபாரன்சிக் டாக்டரம்மா ஒருத்தங்களும் செஷன்ஸ் கோர்ட்லயே தலை நரைச்ச சீனியர் ஒருத்தரும் ஜூனியர் வக்கீலுங்களுக்காக நடத்துறாங்க. மொத்த ஃபீஸ் 1,500.

நான் ஏன் சேர்ந்தேன்னு சொல்லிடறேன். கொஞ்ச நாள் முன்னாடி ஒரு கேஸ்ல சீனியர் கூட உக்காந்திருந்தேன், பாத்ரூம்ல பிரசவமான பொண்ணு, குழந்தை செத்து கிடந்துது, இதுக்கு மேல விவரம் எழுத மாட்டேன். போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட்ல நுரையீரல் தண்ணில மிதந்துச்சுன்னு ஒத்த வரி, அதாவது குழந்தை மூச்சு விட்டுச்சு, உயிரோட பொறந்துச்சுன்னு அர்த்தம் எடுப்பாங்க. டாக்டர் கூண்டுல ஏறி அதையே சொன்னாரு, எங்ககிட்ட திருப்பி கேக்க ஒரு கேள்வி கூட இல்ல. அந்த பொண்ணு எங்க மூஞ்சியவே பாத்துட்டு நின்னுது. அது இன்னும் மனசுல உறுத்திட்டே இருக்கு.

ரெண்டாவது வாரம்தான் எனக்கு கிளாஸே. டாக்டரம்மா கல்மண்டபம் மார்க்கெட்ல இருந்து ஆட்டு நுரையீரலும் ஈரலும் வாங்கிட்டு வந்து மூணு கண்ணாடி பாட்டில் நிறைய தண்ணி வச்சாங்க. நுரையீரல் துண்டு போட்டா மிதக்குது, ஈரல் துண்டு நேரா அடில போய் உக்காருது. மூணாவது பாட்டில்ல அவங்க போட்டது ரெண்டு நாளா வெளியவே வச்சிருந்த ஈரல், நாத்தம் தாங்கல, பச்சையா நுரை கட்டியிருந்துச்சு, அதுவும் மேல வந்து நின்னுச்சு. "இந்த ஈரல் மூச்சு விட்டுச்சாப்பா?"ன்னு கேட்டாங்க. ரூம்ல ஒரு சத்தம் இல்ல. அழுகிப் போக ஆரம்பிச்சா உள்ள வாயு சேந்து எதுவா இருந்தாலும் மிதக்கும், அதனாலதான் நுரையீரல போடும்போது ஈரல் துண்டையும் சேத்து போட்டு பாக்கணும், ஈரலும் மிதந்துச்சுன்னா அந்த டெஸ்ட்டுக்கு மதிப்பே இல்ல. நம்ம ஊரு வெயில்ல கால்வாய்லயோ குப்பத்தொட்டிலயோ கிடந்து எடுத்த உடம்புக்கு இது எவ்ளோ முக்கியம்னு யோசிச்சு பாருங்க. யாராவது குழந்தை வாயில ஊதி உயிர் வர வைக்க பாத்திருந்தாலும் மிதக்கலாம். அதே மாதிரி உயிரோட பொறந்த குழந்தைக்கும் நுரையீரல் சரியா விரியாம முழுகலாம். 1680கள்ல ஜெர்மனில கோர்ட்டுக்கு வந்த டெஸ்ட் இது, இன்னிக்கும் ஒரே வரில எழுதிட்டு போறாங்க.

வேற என்ன பாக்கணும்னும் போட்டோ போட்டு காட்டினாங்க. வயித்துல பால் இருந்தா குழந்தை உயிரோட பொறந்துச்சுன்றதுக்கு நல்ல சாட்சி. தோல் உரிஞ்சு உடம்பு தொளதொளன்னு இருந்தா தாய் வயித்துக்குள்ளயே இறந்து சில நாள் ஆச்சுன்னு அர்த்தம். தொப்புள் கொடி பிளேடுல அறுத்ததா, பிஞ்சதா? திடீர் பிரசவத்துல குழந்தை கீழ விழுந்து கொடி பிஞ்சிருக்கலாம். தலைல வீக்கம்னா உடனே அடிச்சிட்டாங்கன்னு எழுதிடறாங்க, ஆனா பிரசவ வலில தலை அமுங்கி வர்ற வீக்கம் சாதாரணமா நெறைய குழந்தைக்கு இருக்கும்.

சட்டம் சீனியர் சார் எடுத்தாரு. பி.என்.எஸ்.னா ஐ.பி.சி.க்கு பதிலா வந்த பாரதிய நியாய சன்ஹிதா, அதுல 100வது பிரிவுல மூணாவது விளக்கம், குழந்தைய சாகடிச்ச குற்றம்னு சொல்ல அதோட ஒரு பாகம் வெளிய வந்திருந்தாலே போதும், மூச்சு விட்டிருக்கணும்னு கூட இல்ல, ஆனா அப்போ அது உயிரோட இருந்திருக்கணும். அத நிரூபிக்க வேண்டியது அரசு தரப்பு. அது முடியலன்னா மிஞ்சுறது 94வது பிரிவு, பிறப்ப மறைக்க உடல ரகசியமா அப்புறப்படுத்துனது, அதிகபட்சம் 2 வருஷம். பழைய ஐ.பி.சி.ல இது 318. கொலைன்னா ஆயுள் இல்லனா தூக்கு, நடுவுல இருக்க தூரத்த பாத்துக்கோங்க.

நேர்ல பாத்தவங்க இல்லாத கேஸ்ல வர்ற சந்தர்ப்ப சாட்சியத்துக்கு சுப்ரீம் கோர்ட்டோட 1984 சர்தா தீர்ப்ப எடுத்து, சங்கிலில ஒரு கண்ணி விட்டாலும் போச்சுன்னு ஒன்னு ஒன்னா கட்டி காட்டினாரு. அப்புறம் சத்தீஸ்கர் கேஸ். தனியா வாழ்ந்த பொம்பளை, ஊர்ல ஒருத்தரோட பழக்கம்னு பேச்சு, குட்டைல ஒரு பச்சக்குழந்தை உடல், கீழ்கோர்ட் ஆயுள் குடுத்துச்சு, ஹைகோர்ட்டும் அதையே சொல்லிச்சு. 2023 அக்டோபர்ல சுப்ரீம் கோர்ட் விடுதலை பண்ணிச்சு, அந்த குழந்தை அவங்களுதுன்னே யாரும் நிரூபிக்கல. ஊர் பேச்ச வச்சு ஒருத்தங்கள ஜெயில்ல போட்டிருந்தாங்க, கேக்கும்போதே வயிறு எரிஞ்சுது.

குறைன்னா ரெண்டு. ரூம்ல ஒரே ஃபேன், மே மாசம் உக்கார முடியாது. இன்னொன்னு பெருசு: பிரசவத்துக்கு அப்புறம் வர்ற மனநோய்க்கு அரை மணி நேரம்தான் ஒதுக்கினாங்க. இங்கிலாந்துல அப்படி இருக்க தாய் குழந்தைய கொன்னா கொலையா எடுக்காம லேசான குற்றமா பாக்க 1922லயே தனி சட்டம் போட்டாங்க, 1938ல அத மாத்தி புது சட்டம் போட்டாங்க. இங்க அப்படி ஒன்னும் கிடையாது, அந்த தாய்க்கும் கொலைக்கான 103வது பிரிவுதான். அதுக்கு ஒரு முழு கிளாஸும் ஒரு மனநல டாக்டரும் வேணும், அவங்ககிட்டயே சொல்லிட்டேன்.

கிரிமினல் பக்கம் போற ஜூனியர்ஸ், முக்கியமா லீகல் எய்ட் கேஸ் எடுக்கறவங்க, தயவு செஞ்சு போங்க. பொம்பளைங்களுக்கு வருமானம் எவ்ளோ இருந்தாலும் 1987 சட்டப் பணிகள் ஆணைய சட்டப்படி இலவச வக்கீல் உண்டு, அப்படி வந்து நிக்கிறது நாமதான்.

கடைசி நாள் டாக்டரம்மா கையால எழுதின ஒரு தாள் குடுத்தாங்க, போஸ்ட்மார்ட்டம் பண்ண டாக்டர்கிட்ட கோர்ட்ல கேக்க வேண்டிய கேள்விங்க. ஈரலையும் போட்டு பாத்தீங்களா? இறந்து எத்தனை மணி நேரம் கழிச்சு அறுத்தீங்க? உடம்பு எங்க கிடந்துச்சு? யாராவது வாயில ஊதினாங்களான்னு விசாரிச்சீங்களா? வயித்துல என்ன இருந்துச்சு? லேமினேட் பண்ணி கோர்ட் பைல வச்சிருக்கேன்.