தொப்புள்கொடி ரத்தமா, எலும்பு மஜ்ஜையா?

பிரசவத் தேதி நெருங்கினாலே தொப்புள்கொடி ரத்தத்தைச் சேமிக்கச் சொல்லி போன் மேல் போன் வரும். ஆனால் தலசீமியா மாதிரி மரபணுக் கோளாறு என்றால் குழந்தையின் சொந்த ரத்தம் உதவாது, அதே கோளாறு அதிலிருக்கும் ஸ்டெம் செல்லிலும் (புது ரத்த அணுக்களை உண்டாக்கும் மூலச்செல்) இருக்குமே! கூடப்பிறந்தவருக்குப் பொருந்தினால் கதை வேறு. 1988-ல் பாரிஸில் ஃபான்கோனி ரத்தசோகை என்ற பரம்பரை நோய் இருந்த சிறுவனுக்கு ஏற்றியது, தங்கை பிறந்தபோது சேமித்த தொப்புள்கொடி ரத்தம். என்ன, கிடைப்பது சின்னப் பை அளவு, பெரியவர்களுக்குப் பெரும்பாலும் பற்றாது, உடம்பில் வேர்பிடிக்கவும் நாளாகும்.

இதே ஸ்டெம் செல் இருக்கும் எலும்பு மஜ்ஜை சீக்கிரம் பிடித்துக்கொள்ளும், ஆனால் எச்.எல்.ஏ. (செல்களின் மேலிருக்கும் அடையாளப் புரதங்கள்) பொருத்தம் கறாராகப் பார்ப்பார்கள். உடன்பிறந்தவரிடமே முழுப் பொருத்தம் அமைய நான்கில் ஒரு வாய்ப்புதான். தொப்புள்கொடியில் கொஞ்சம் முன்னே பின்னே இருந்தாலும் சமாளிக்கலாம்.

மூத்த பிள்ளைக்கு ரத்த நோய் இருந்தால் சேமியுங்கள். மற்றபடி தொப்புள்கொடி ரத்தம் சேமிக்கும் தனியார் வங்கிக்கு நான் பணம் கட்டமாட்டேன்.